சாவைப் பற்றி வாசற்படியில் கேட்கப்படும் கேள்விகள்

வீட்டோடு படுத்த படுக்கையாகக் கிடப்பவர்களைப் போய்ப் பார்த்து வரும் வலிதணிப்புக் குழுவில் நான் நர்ஸ். மதுரைக்குத் தெற்கே, பஸ் போகிற ஊரும் போகாத ஊருமாகப் பதினான்கு வருடங்கள். புண்ணைத் துடைத்து மருந்து வைத்து, மாத்திரைக் கணக்கைச் சொல்லிவிட்டு, வெளியே வந்து செருப்பை மாட்டும்போதுதான் உண்மையான கேள்வி வரும். கட்டிலுக்குப் பக்கத்தில் கேட்க முடியாததை வாசற்படியில் வைத்துக் கேட்பார்கள், குரலைத் தாழ்த்திக்கொண்டு. சிலவற்றுக்கு ஒரு வரியில் பதில் உண்டு. சிலவற்றுக்கு ஒற்றைக் காலில் செருப்போடு அரைமணி நேரம் நின்றிருக்கிறேன். திரும்பத் திரும்ப வருகிற கேள்விகளை இங்கே எழுதி வைக்கிறேன்.

அம்மாகிட்ட விஷயத்தைச் சொல்லலாமா, வேண்டாமா?

பெரும்பாலும் அம்மாவுக்குத் தெரியும்.

ஒரு வீட்டில் மகன் "வெறும் அல்சர்தான்" என்று சொல்லி வைத்திருந்தார். என்னையும் அப்படியே சொல்லச் சொன்னார். அவர் வெந்நீர் எடுக்க உள்ளே போன நேரத்தில் அந்த அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு, "இது புத்துநோய்தான்னு எனக்குத் தெரியும் தாயி. எனக்குத் தெரியும்கிறதை அவன்கிட்டச் சொல்லிராத, தாங்கமாட்டான்" என்றார். ஒரே வீட்டுக்குள் இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் காப்பாற்றிக்கொண்டு, பேச வேண்டியதைப் பேசாமலே நாட்களைக் கழித்தார்கள்.

எடுத்த எடுப்பில் போட்டு உடைக்கச் சொல்லவில்லை. "உங்களுக்கு என்னம்மா தோணுது?" என்று கேட்டுவிட்டுச் சும்மா இருங்கள். எவ்வளவு தெரிந்துகொள்ள விரும்புகிறார் என்பதை அவரே காட்டிவிடுவார். கேட்டதற்கு மட்டும் பொய் சொல்லாமல் பதில் சொன்னால் போதும். சிலர் அதோடு நிறுத்திக்கொள்வார்கள். சிலருக்கு அதற்குப் பிறகுதான் வேலையே ஆரம்பிக்கும்: பேச்சு வார்த்தை இல்லாத தங்கச்சியை வரச் சொல்லணும், தோட்டை யாருக்கு, செயினை யாருக்கு என்று பிரித்துக் கொடுக்கணும், குலதெய்வத்துக்கு நேர்ந்த கடனை முடிக்கணும். அந்த நாட்களை அவரிடமிருந்து பிடுங்க நமக்கு உரிமை இல்லை.

ஏத்துக்கிறதுன்னா கைவிட்டுறதா?

இல்லை. சாவை ஏற்றுக்கொண்டவருக்கும் வலி வலிக்கத்தான் செய்யும்; மருந்து கொடுக்கத்தான் வேண்டும். நிறுத்துவது நோயோடு இனி பலனில்லாமல் போடுகிற சண்டையைத்தான், கவனிப்பை அல்ல.

எலிசபெத் குப்ளர்-ராஸ் என்ற மனநல மருத்துவர், சிகாகோவில் சாகக் கிடந்த நோயாளிகளிடம் உட்கார்ந்து பேசி, 1969-இல் ஒரு புத்தகம் எழுதினார். மறுப்பு, கோபம், பேரம், சோர்வு, ஏற்பு என்று ஐந்து நிலைகளைச் சொன்னது அதில்தான். அது உலகம் முழுக்கப் பரவி, ஏதோ ஐந்து படி ஏறினால் மாடி வந்துவிடும் என்பது போல ஆகிவிட்டது. அப்படி வரிசையாக நடப்பதில்லை என்று அவரே பின்னாளில் சொல்லியிருக்கிறார். நான் பார்த்தவரை ஐந்தும் ஒரே நாளில் வந்து போகும். காலையில் "என்னைச் சீக்கிரம் கூட்டிட்டுப் போயிரு முருகா" என்று கும்பிட்டவர் சாயங்காலம், "தைப் பொங்கலுக்குள்ள எந்திரிச்சு நடந்துருவேன்ல?" என்று கேட்பார். இரண்டையும் மனதாரத்தான் சொல்கிறார். வீட்டில் உள்ளவர்கள் "இன்னும் ஏத்துக்கலையே" என்று பதறுவார்கள். ஏற்பு என்பது கையெழுத்துப் போட்டு முடிக்கிற பத்திரமா என்ன?

நம் ஊரில் சுவர் சுவராக எழுதி வைத்திருக்கும் "யாதும் ஊரே யாவரும் கேளிர்" என்ற பாட்டு உண்மையில் சாவுக்குத்தான் போகிறது. அடுத்த வரிகளைப் பெரும்பாலும் யாரும் எழுதுவதில்லை. "சாதலும் புதுவது அன்றே" என்கிறார் கணியன் பூங்குன்றனார். வாழ்க்கை இனியது என்று துள்ளவும் இல்லை, வெறுத்துப்போய்க் கசப்பு என்று ஒதுக்கவும் இல்லை என்கிறார். மலையாற்று வெள்ளத்தோடு போகும் தெப்பம் போல உயிர் அதன் முறைப்படி போகும். கவனியுங்கள், சாவு நல்லது என்று எந்த வரியிலும் அவர் சொல்லவில்லை.

செத்த பிறகு ஏதாவது இருக்கா, இல்லையா? சுத்தி வளைக்காம சொல்லுங்க.

எனக்குத் தெரியாது. இதைச் சொன்னால் சிலருக்கு முகம் வாடிவிடும். இத்தனை சாவைப் பார்த்தவளுக்குத் தெரிந்திருக்கும் என்று நினைத்திருப்பார்கள். நான் பார்த்ததெல்லாம் வாசல்வரைக்கும்தான்.

ஆனால் இந்தக் கேள்வியைச் சாகும் நேரத்தில் நேருக்கு நேராகச் சந்தித்த ஒருவரை எனக்குப் பிடிக்கும். கோப்பெருஞ்சோழன், உறையூரில் இருந்து ஆண்ட சோழ அரசன். பெற்ற மகன்களே எதிர்த்து வந்தார்கள். போருக்குக் கிளம்பியவனைப் புலவர் ஒருவர் தடுத்தார். அதன் பிறகு நாட்டை விட்டு, வடக்கிருந்து உயிர்விட உட்கார்ந்தான். வடக்குப் பார்த்து அமர்ந்து சோறு தண்ணீர் இல்லாமல் சாவது. அந்த நிலையில் அவனே பாடிய பாட்டு புறநானூற்றில் 214-ஆம் பாட்டாக இருக்கிறது.

நல்லது செய்யலாமா வேண்டாமா என்று சந்தேகத்திலேயே கிடப்பவர்களைப் பார்த்துப் பேசுகிறான். யானையைத் தேடிப் போன வேடனுக்கு யானையும் கிடைக்கலாம். சின்னக் காடையைத் தேடிப் போனவன் வெறுங்கையோடும் திரும்பலாம். அதனால் பெரிதாகவே குறி வை என்கிறான். பிறகு வருவதுதான் விஷயம். செய்த நல்வினைக்குப் பலன் உண்டு என்றால் மேலுலக இன்பம் கிடைக்கலாம். அப்படி ஓர் உலகம் இல்லை என்றால், மறுபடி பிறக்காமலாவது இருக்கலாம். மறுபிறவி என்பதே இல்லை என்றால்? அப்போதும் இமயத்துச் சிகரம் போலப் பேரை நட்டுவிட்டு, பழியில்லாத உடம்போடு சாவது பெரிய காரியம்தானே.

மூன்று கதவையும் திறந்து வைத்துவிட்டு எதையும் சாத்தாமல் செத்துப்போகிறான். சொர்க்கம் நிச்சயம் என்றும் சொல்லவில்லை, எல்லாம் பொய் என்றும் சொல்லவில்லை. விடை தெரிந்த பிறகுதான் அமைதி வரும் என்று காத்திருப்பவர்களிடம் இந்தப் பாட்டைச் சொல்வேன். ஏறக்குறைய இரண்டாயிரம் வருடத்துக்கு முன்னால் ஒருவர் விடை தெரியாமலே அமைதியாக உட்கார்ந்திருக்கிறார். அவர் தனியாகவும் சாகவில்லை: அதுவரை முகம் பார்த்தே அறியாத நண்பர் பிசிராந்தையார் பாண்டிய நாட்டிலிருந்து நடந்து வந்து பக்கத்தில் உட்கார்ந்துகொண்டார். அவர் வருவார் என்று சோழன் முன்பே சொல்லி இடம் ஒதுக்கச் சொல்லியிருந்தான். அந்த இடம் ஒதுக்கலை நினைத்தால் எனக்கு இன்னும் தொண்டை அடைக்கும்.

நம்ம பெரியவங்க எல்லாரும் ஒரே மாதிரிதானே சொல்லியிருக்காங்க, ஆத்மா அழியாதுன்னு?

ஊர்ச் சுவரில் ஒட்டிய கண்ணீர் அஞ்சலி போஸ்டர்களைப் படித்துக்கொண்டே ஒரு தெரு நடந்து பாருங்கள். ஒருவர் சிவலோகப் பதவி அடைந்திருப்பார். அடுத்தவர் வைகுண்டப் பதவி. இன்னொருவர் இறைவனடி சேர்ந்திருப்பார். ஒருவர் கர்த்தருக்குள் நித்திரையடைந்திருப்பார். தூக்கம் என்றால் ஒருநாள் எழுப்புவார்கள் என்று அர்த்தம். பள்ளிவாசல் ஒலிபெருக்கியில் வஃபாத் அறிவிப்பு வரும். "நாம் அல்லாஹ்வுக்கே உரியவர்கள், அவனிடமே திரும்பிச் செல்பவர்கள்" என்று பொருள்படும் அரபுச் சொற்களைக் கேட்டவர்கள் முணுமுணுப்பார்கள். கறுப்புச் சட்டைக்காரர் இயற்கை எய்தியிருப்பார். எதிலும் சேராதவர் காலமாகியிருப்பார். காலமே ஆகிவிட்டார் என்கிற அந்தச் சொல்லை யார் முதலில் சொன்னார்களோ, கும்பிட வேண்டும்.

வள்ளுவரே நிலையாமை அதிகாரத்தில் உறங்குவது போன்றது சாவு, உறங்கி விழிப்பது போன்றது பிறப்பு என்று சொல்லிவிட்டு, அடுத்த குறளை, அதாவது அதிகாரத்தின் கடைசிக் குறளை, ஒரு கேள்வியாக விடுகிறார். உடம்பின் மூலையில் ஒண்டுக் குடித்தனம் இருந்த உயிருக்கு, நிலையான வீடு இன்னும் அமையவில்லையோ? ஓட்டு வீட்டில் வாடகைக்கு இருந்தவர்களுக்கு அந்தக் குறள் உடனே புரியும்.

சாவை ஏற்கவே மாட்டேன் என்று சொன்னவரும் இங்கே உண்டு. வள்ளலார் பேசியது மரணமிலாப் பெருவாழ்வு. இறந்தவரை எரிக்கக் கூடாது, புதைக்க வேண்டும் என்றார். 1874 ஜனவரி 30 அன்று மேட்டுக்குப்பத்தில் ஓர் அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார்; அவர் உடம்பு கிடைக்கவே இல்லை என்பது அன்பர்களின் நம்பிக்கை. அதற்கு நேரெதிர் திருவண்ணாமலை ரமணர். 1896-இல், பதினாறு வயதில், மதுரையில் மாடி அறையில் திடீரென்று சாவு பயம் பிடித்தது. ஓடாமல் கட்டை போலப் படுத்து, "சாவது எது?" என்று உள்ளே பார்த்தார். கையில் வந்த புற்றுநோய்க்கு நான்கு அறுவை சிகிச்சை செய்தும் 1950 ஏப்ரல் 14 அன்று இறந்தார். போகாதீர்கள் என்று அழுத அன்பர்களிடம், எங்கே போவேன், இங்கேதான் இருக்கிறேன் என்றாராம்.

ஒரே பதில் இல்லை. ஒரே வீட்டிலேயே இல்லை. போஸ்டரில் தாத்தா சிவலோகம் போயிருப்பார். அமாவாசைக்கு அவருக்குக் காகத்துக்குச் சோறு வைப்பார்கள். வருடம் திரும்புவதற்குள் பேரன் பிறந்தால், "தாத்தாவே வந்து பொறந்திருக்கார்" என்று அவர் பேரையே வைப்பார்கள். மூன்றும் ஒன்றோடு ஒன்று ஒட்டாது. யாரும் அதற்காகச் சண்டை போட்டு நான் பார்த்ததில்லை.

செத்துப்போன அப்பா கட்டிலோரம் நிக்கிறதா அம்மா சொல்றாங்க. பயமா இருக்கு.

அம்மாவுக்குப் பயமாக இருக்கிறதா என்று முதலில் கேளுங்கள். பெரும்பாலும் இருக்காது. "உங்கப்பா வெள்ளை வேட்டியில வந்து நிக்காரு, கிளம்பு கிளம்புங்காரு" என்று சிரித்துக்கொண்டே சொன்னவர்கள் உண்டு.

இது நம் ஊர்ச் சமாச்சாரம் மட்டும் இல்லை. அமெரிக்காவில் பஃபலோ நகரத்தில், சாகும் தறுவாயில் இருப்பவர்களைக் கவனிக்கும் ஒரு ஹாஸ்பிஸில் கிறிஸ்டோபர் கெர் என்ற மருத்துவரின் குழு 59 நோயாளிகளிடம் தினம் தினம் கேட்டு 2014-இல் வெளியிட்டது. 88 விழுக்காட்டினர் ஒரு முறையாவது இப்படிக் கனவோ காட்சியோ கண்டிருந்தார்கள். சாவு நெருங்க நெருங்க, உயிரோடு இருப்பவர்களை விட இறந்துபோனவர்களே அதிகம் வந்தார்கள். அப்படி வந்தவர்கள்தான் அதிகம் ஆறுதலும் தந்தார்கள். அது மூளையின் வேலையா, உண்மையிலேயே அழைக்க வருகிறார்களா என்பதை அந்த ஆய்வு சொல்லவில்லை; சொல்லவும் முடியாது.

"அப்படியெல்லாம் யாரும் இல்லைம்மா" என்று வாதாடாதீர்கள். "அப்பா என்ன சொல்றாரு?" என்று கேளுங்கள். ஆனால் கண்டதைக் கண்டு அலறினாலோ, ஆளே தெரியாமல் கையைக் காலை உதறினாலோ அது வேறு; சிறுநீரில் கிருமி, உப்புச்சத்து மாறுதல், மாத்திரையின் விளைவு என்று பல காரணம் இருக்கும். அதற்கு எங்களைக் கூப்பிடுங்கள்.

செத்துப் பிழைச்சவங்க வெளிச்சத்தைப் பாத்தேன்னு சொல்றாங்களே, அது ஆதாரம் இல்லையா?

அனுபவம் உண்மை. அதற்கு என்ன அர்த்தம் என்பதில்தான் சண்டை.

நெதர்லாந்தில் பிம் வான் லோமெல் என்ற இதய மருத்துவர் பத்து மருத்துவமனைகளில், இதயம் நின்று பிழைத்த 344 பேரிடம் கேட்டு 2001-இல் லான்செட் இதழில் எழுதினார். 62 பேர், அதாவது 18 விழுக்காடு, ஏதோ ஓர் அனுபவத்தைச் சொன்னார்கள். மற்றவர்களுக்கு ஒன்றுமே நினைவில்லை. அந்த மற்றவர்களை யாரும் டி.வி.யில் பேட்டி எடுப்பதில்லை. உடம்பை விட்டு மேலே போய்ப் பார்த்தேன் என்பதைச் சோதிக்க, சாம் பார்னியா என்ற மருத்துவரின் குழு மருத்துவமனைகளில் கூரைப் பக்கமிருந்து மட்டும் தெரியும்படி பரண்களில் படங்களை வைத்தது. 2014-இல் முடிவு வந்தபோது, இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட இதய நிறுத்தங்களில் படத்தைப் பார்த்ததாக ஒருவரும் சொல்லவில்லை. ஆனால் பார்த்தேன், கேட்டேன் என்று விவரம் சொன்ன இரண்டு பேருக்கும் இதயம் நின்றது பரண் இல்லாத இடத்தில். கையில் கிட்டி வாய்க்கு எட்டாத கதை.

மறுபக்கம், 2023-இல் மிச்சிகன் பல்கலைக்கழகத்தில் ஜிமோ போர்ஜிகின் குழு, சுவாசக் கருவியை எடுத்த பிறகு இறந்த நான்கு பேரின் மூளை அலைகளைப் பார்த்தது. இரண்டு பேருக்குக் கடைசியில் அலை அடங்குவதற்குப் பதிலாகப் பொங்கி எழுந்திருந்தது. அவர்கள் என்ன கண்டார்கள் என்று கேட்க ஆள் இல்லை.

எனக்குப் பிடித்தது இன்னொன்று. பெங்களூர் நிம்ஹான்ஸ் மனநல மருத்துவமனையில் இருந்த சத்வந்த் பஸ்ரிச்சாவும் அமெரிக்காவின் இயன் ஸ்டீவன்சனும் இந்தியாவில் இப்படி 16 பேரின் அனுபவங்களைத் திரட்டி 1986-இல் வெளியிட்டார்கள். மேல்நாட்டுக்காரர்கள் சொல்லும் சுரங்கமும் வெளிச்சமும் இங்கே முக்கியமாக வரவில்லை. எமதூதர்கள் இழுத்துப் போகிறார்கள். கணக்குப் புத்தகத்தோடு ஒருவர் உட்கார்ந்திருக்கிறார். புரட்டிப் பார்த்துவிட்டு, "ஆளை மாத்திக் கூட்டிட்டு வந்துட்டீங்க, திருப்பி அனுப்புங்க" என்கிறார். தாலுகா ஆபீசில் அலைந்தவர்களுக்கு மேலுலகமும் அப்படித்தான் தெரியும் போல. அந்தந்த ஊர்க்காரர் அந்தந்த ஊர்ச் சொர்க்கத்தைத்தான் பார்க்கிறார் என்பதால் இது மனதின் வேலை என்பார்கள் சிலர். இருப்பதை அவரவர் கண்ணால்தானே பார்க்க முடியும் என்பார்கள் மற்றவர்கள்.

முற்பிறவி ஞாபகம் உள்ள குழந்தைகள்?

அதே ஸ்டீவன்சன் வர்ஜீனியா பல்கலைக்கழகத்திலிருந்து இந்தியா, இலங்கை, பர்மா, லெபனான் என்று சுற்றி, வாழ்நாளில் ஏறக்குறைய 2,500 சம்பவங்களைச் சேகரித்தார். பேச்சு வரும் வயதில் சொல்ல ஆரம்பித்து, பள்ளிக்கூடம் போகும் வயதில் குழந்தைகள் மறந்துவிடுகிறார்கள். பல சம்பவங்களில் ஆய்வாளர் போவதற்கு முன்பே இரண்டு குடும்பமும் சந்தித்துப் பேசிவிட்டதால், யார் சொல்லி யாருக்குத் தெரிந்தது என்று பிரிக்க முடியவில்லை என்பது முக்கியமான எதிர்வாதம். நான் இதை வைத்து யாருக்கும் ஆறுதல் சொல்வதில்லை.

கடைசி நாட்கள்ல உடம்புக்கு என்னதான் ஆகும்?

இதைத் தெரிந்துகொண்டால் பாதிப் பயம் போகும். இரவு இரண்டு மணிக்கு ஆட்டோ பிடித்து ஆஸ்பத்திரிக்கு ஓடுவதும் குறையும்.

சாப்பாடு குறையும். பட்டினியால் சாகவில்லை, உடம்பு கடையைக் கட்டுவதால் பசி போகிறது. தூக்கம் கூடும். சிறுநீர் குறைந்து கருக்கும். கால் குளிர்ந்து, முட்டியிலும் பாதத்திலும் ஊதா நிறத்தில் திட்டுத் திட்டாகத் தெரியும். மூச்சு வேகமாகி, மெதுவாகி, சில நொடி நின்று, திரும்ப வரும். தொண்டையில் கரகரவென்று சத்தம் வரும். விழுங்க முடியாத எச்சில் அங்கே நிற்பதால் வருவது அது. கேட்கிற நமக்குத்தான் சித்திரவதை, மயக்கத்தில் இருப்பவருக்குப் பெரும்பாலும் தெரியாது. ஒரு பக்கமாகச் சாய்த்துப் படுக்க வையுங்கள். உதட்டை ஈரத் துணியால் ஒற்றுங்கள்.

சிலருக்கு ஒரு நாள் திடீரெனத் தெளிவு வரும். ஆளைப் பேர் சொல்லிக் கூப்பிட்டு, காப்பி கேட்டுக் குடிப்பார்கள். "அணையிற விளக்கு" என்று கிழவிகள் சரியாகத்தான் சொல்வார்கள். அந்த நாளில் ஸ்கேன் எடுக்கக் கூட்டிப் போகாதீர்கள். உட்கார்ந்து பேசுங்கள்.

காது கடைசிவரை கேட்கும் என்பதிலும் கொஞ்சம் உண்மை உண்டு. 2020-இல் கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியா பல்கலைக்கழகத்தார், பேச்சு மூச்சில்லாமல் கிடந்த சிலருடைய மூளை, சத்தத்துக்கு இன்னும் அசைந்து கொடுப்பதைப் பதிவு செய்தார்கள். அவர்களுக்கு அது புரிந்ததா என்று தெரியாது. அதனால் கட்டிலுக்குப் பக்கத்தில் நின்று பாகப்பிரிவினை பேசாதீர்கள்.

சீவன் போகமாட்டாம இழுத்துக்கிட்டு இருக்கு. மண்ணைக் கரைச்சு ஊத்தலாமா?

மண்ணாசை இருந்தால் மண், பொன்னாசை இருந்தால் பொன்னை உரசிய தண்ணீர், பேரப்பிள்ளை ஆசை இருந்தால் பேரன் கையால் பால். இந்த வழக்கத்தை நான் கேலி செய்ய மாட்டேன். போகிறவருக்கு என்ன குறை என்று குடும்பமே உட்கார்ந்து யோசிக்கிற ஒரே நேரம் அதுதான். ஆனால் விழுங்க முடியாதவர் வாயில் எதை ஊற்றினாலும் மூச்சுக்குழாயில் போய் மூச்சு முட்டும். பால் என்றால் பஞ்சில் நனைத்து உதட்டில் ஒரு சொட்டு.

ஒரு விவசாயி ஒன்பது நாளாக இழுத்துக்கொண்டு கிடந்தார். ஊற்ற வேண்டாம் என்று நான் சொன்னதால், கிணற்று மேட்டு மண்ணைக் கொண்டுவந்து உள்ளங்கையில் வைத்து விரலை மூடிவிட்டார்கள். கை மூடியபடியே இருந்தது. அன்றைக்கே போய்விடவில்லை, மூன்றாம் நாள்தான் போனார். ஆனால் அந்த மூன்று நாளும் வீட்டில் யாரும் பதறவில்லை.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். "பெருசு கஷ்டப்படுது" என்று தலைக்கு ஊத்துவது, அதாவது எண்ணெய் தேய்த்துக் குளிரக் குளிரத் தண்ணீர் ஊற்றிச் சாகவிடுவது, சில ஊர்களில் இன்னும் பேச்சில் இருக்கிறது. அது ஏற்பும் இல்லை, கருணையும் இல்லை. கொலை. வலி தாங்க முடியவில்லை என்றால் வலிக்கு மருந்து இருக்கிறது.

மார்பின் கொடுத்தா சீக்கிரம் போயிருவாங்களாமே?

சரியான அளவில் கொடுத்தால் இல்லை. வலி குறையும், மூச்சுத்திணறல் தணியும், தூங்குவார். மலச்சிக்கல் பெரும்பாலும் வரும். அதனால் அதற்கான மருந்தையும் சேர்த்தே கொடுப்போம். மார்பினைக் கடைசி நேரத்தில்தான் ஆரம்பிக்கிறார்கள், அதனால் மார்பின்தான் கொன்றது என்று பேராகிவிட்டது. முன்பே ஆரம்பித்தவர்கள் மாதக்கணக்கில் அதைச் சாப்பிட்டுக்கொண்டு கல்யாண வீட்டுக்கெல்லாம் போய் வருகிறார்கள்.

எனக்கு டியூப், வென்டிலேட்டர் எல்லாம் வேண்டாம்னு இப்பவே எழுதி வைக்க முடியுமா?

முடியும். 2018 மார்ச் 9 அன்று உச்ச நீதிமன்றம் கண்ணியமாகச் சாவதும் வாழும் உரிமையில் அடங்கும் என்று தீர்ப்புச் சொல்லி, லிவிங் வில், அதாவது எந்தச் சிகிச்சை வேண்டாம் என்று முன்கூட்டியே எழுதி வைக்கும் பத்திரம், எழுத வழி விட்டது. முதலில் மாஜிஸ்திரேட் கையெழுத்து வேண்டும் என்றிருந்ததால் பெரும்பாலும் யாரும் எழுதவில்லை. 2023 ஜனவரி 24 அன்று அதை எளிமையாக்கினார்கள்: இரண்டு சாட்சிகள் முன்னிலையில் எழுதி, நோட்டரியோ கெஜட்டெட் அதிகாரியோ சான்றளித்தால் போதும். நேரம் வரும்போது மருத்துவக் குழுக்கள் பார்த்துத்தான் முடிவெடுப்பார்கள். பலனில்லாத சிகிச்சையை நிறுத்தத்தான் இது. ஊசி போட்டு முடித்துவிடச் சொல்ல இதில் இடமில்லை. எழுதியதை பீரோவில் வைத்துப் பூட்டிவிடாதீர்கள். ஐ.சி.யு. வாசலில் யார் நிற்கப் போகிறார்களோ அவர்களிடம் வாய்விட்டுச் சொல்லுங்கள்.

நாங்க சாமி கும்பிடாத குடும்பம். எங்களுக்கு என்ன ஆறுதல்?

ஒரு தமிழாசிரியர் இருந்தார். உடலை மருத்துவக் கல்லூரிக்கு எழுதிக் கொடுத்திருந்தார். சடங்கு கிடையாது, படத்திறப்பு மட்டும். கடைசிவரை தெளிவாக இருந்தார், "விளக்கை ஊதினா சுடர் எங்க போகுதுன்னு கேப்பீங்களா?" என்பார். அவருக்குச் சாவு பயமாக இருந்ததாக எனக்குத் தெரியவில்லை. அவர் மனைவிக்குத்தான் பிறகு கஷ்டமாக இருந்தது. "ஒரு பிடி சாம்பல்கூட இல்லையேம்மா, எங்க போய் நிக்கிறது?" என்றார். பல கல்லூரிகளில் மாணவர்கள் முதல் நாள் அந்த உடல்முன் நின்று உறுதிமொழி எடுப்பார்கள், இவரே எங்கள் முதல் ஆசிரியர் என்று சொல்வார்கள் என்று சொன்னேன். "அப்போ இன்னும் பாடம்தான் எடுக்காரா" என்றார். இப்போது டவுன்பஸ் அந்தக் கல்லூரியைத் தாண்டும்போது ஜன்னல் பக்கம் இடம் பார்த்து உட்காருகிறாராம்.

பத்து நாளா பக்கத்துலயே இருந்தேன். டீ குடிக்கப் போன அஞ்சு நிமிஷத்துல போயிட்டாங்க.

இது கேள்வி இல்லைதான். ஆனாலும் மற்ற எல்லாவற்றையும் விட இதையே அதிகம் கேட்டிருக்கிறேன். வெளிநாட்டிலிருந்து மகள் வந்து கையைப் பிடிக்கும்வரை தாங்கியவர்கள் உண்டு. எல்லோரும் எழுந்து போகும்வரை தாங்கியவர்களும் உண்டு. முன்னது எப்படிக் காத்திருப்போ, பின்னதும் அப்படித்தான் என்று நான் நினைக்கிறேன். நிரூபிக்கச் சொன்னால் முடியாது. நீங்கள் அந்தப் பத்து நாளும் இருந்தீர்கள்.

பிள்ளைகளுக்கு எப்படிச் சொல்றது?

"தூங்குறாங்க" என்று மட்டும் சொல்லாதீர்கள். அன்றைக்கு ராத்திரியிலிருந்து அது தூங்காது. செத்துப்போனார்கள் என்றே சொல்லுங்கள். இனி மூச்சு விடமாட்டார்கள், வலிக்காது, திரும்ப வரமாட்டார்கள் என்று சொல்லுங்கள். நெய்ப்பந்தம் பிடிக்க விரும்பினால் விடுங்கள்.

பதினாறாம் நாள் காக்கா சோறு எடுக்கலைன்னா?

மரத்தை எல்லாம் வெட்டிவிட்டால் காகம் எங்கிருந்து வரும் என்பது ஒரு பதில். வாசலில் நிற்பவர்களிடம் அதை நான் சொல்வதில்லை.

போன வருடம் ஒரு வீட்டுக்குக் கேதம் கேட்கப் போயிருந்தோம். கூரையில் இலை போட்டு வைத்து, கா கா என்று எல்லோரும் கூப்பிட்டுக் கூப்பிட்டு ஓய்ந்துவிட்டார்கள். மூத்த மகளுக்கு அழுகை வந்துவிட்டது, அப்பாவுக்கு என்ன குறை வைத்தோமோ என்று. மாமா ஒருவர் அப்பளம் விட்டுப்போச்சு என்றார், அப்பளம் வந்தது. இன்னொருவர் அவருக்குக் கருவாடுதான் உயிர் என்றார். விரத நாளில் எப்படி என்று வாக்குவாதம். ஏழு வயதுப் பேத்தி படியில் உட்கார்ந்திருந்தவள் சொன்னாள்: "தாத்தா பதினொரு மணிக்குத்தானே சாப்பிடும்."

மணி பத்தேகால். யாரோ நாற்காலிகளை எடுத்துப் போட்டார்கள். எல்லோரும் கூரையைப் பார்த்தபடி உட்கார்ந்தார்கள். எங்களுக்கு அடுத்த ஊரில் ஒரு வீடு பாக்கி இருந்தது, கிளம்பிவிட்டோம்.